ஆணியோடு போன உருளைக்கிழங்கு

என் தம்பி இன்னஸ் மேர் கடலுக்குப் போகிறவன் இல்லை. எங்கள் போர்ட் ஸ்கெல்லியில் ஓர் ஆண்பிள்ளையைப் பற்றி இதைவிட மோசமாகச் சொல்ல ஒன்றும் கிடையாது. குடிகாரன் என்றால், "பாவம், அவனுக்கு என்ன கவலையோ" என்பார்கள். திருடன் என்றால், "கை சும்மா இருக்காது, மத்தபடி தங்கம்" என்பார்கள். கடலுக்குப் போகாதவன் என்றால் பேச்சை வானிலைக்கு மாற்றிவிடுவார்கள்.

போகமாட்டேன் என்று அவன் சொன்னதே இல்லை. பள்ளிக்கூடத்தை விட்டதும் எங்கள் அப்பாவின் படகில் ஏறினான். புது பூட்ஸ், புது மழைக்கோட்டு, அம்மா பின்னிய புது ஸ்வெட்டர். படகின் கயிறு இன்னும் துறைமேடையில் கட்டியிருந்தது. எஞ்சின்கூடப் போடவில்லை. அதற்குள் அவனுக்கு வயிறு புரட்டிவிட்டது. அப்பா ஒரு வாளியை எடுத்து அவன் கையில் கொடுத்து, அவனையும் வாளியையும் சேர்த்தே கரையில் இறக்கிவிட்டார். அதற்குப் பிறகும் விடாமல் வேறு வேறு படகுகளில் ஏறிப் பார்த்தான். வாளிதான் நிறைந்தது. கோயில் கூடத்துச் சுவரில் புயலில் தவிக்கும் கப்பல் ஒன்றின் படம் மாட்டியிருக்கிறது. அதற்கு எதிரே இருக்கும் பெஞ்சில் இன்னஸை இன்றுவரை யாரும் உட்காரவிடுவதில்லை.

எங்கள் ஊரில் ஏறக்குறைய எல்லோரும் மேர்கள். தெருவில் நின்று "சைமன் மேர்" என்று கூப்பிட்டால் தெருவே திரும்பிப் பார்க்கும். அதனால் வீட்டுக்கு வீடு ஒரு பட்டப்பெயர் உண்டு. அது கேலிப்பெயர் இல்லை. கோயில் பதிவில் எழுதுவார்கள், கல்லறையில் வெட்டுவார்கள், பிள்ளைகளுக்கும் அதுதான் வரும். அப்பா 'நங்கூரம்'. நான் 'நங்கூரம் மினா'. என் தம்பி 'சின்ன நங்கூரம்' ஆகியிருக்க வேண்டியவன். முதல் நாள் சாயங்காலத்துக்குள் 'வாளி' ஆகிவிட்டான்.

நான் புகைக் கொட்டகையில் வேலை பார்க்கிறேன். ஹாடக் மீனை முதுகோடு பிளந்து, உப்புத் தண்ணீரில் போட்டு, நீளச் சட்டங்களில் அடித்திருக்கும் ஆணிகளில் வரிசையாக மாட்டிப் புகைக்கு ஏற்ற வேண்டும். படித்தது கொஞ்சம்தான். ஆனால் நான் மாட்டிய மீன் ஒன்றுகூடச் சாம்பலில் விழுந்ததில்லை என்பதைச் சொல்லிக்கொள்வேன். தம்பியை அங்கேதான் கூட்டிக்கொண்டு போனேன். கொட்டகை ஆடாது. அவனுக்கு அது பிடித்திருந்தது.

மத்தியானச் சாப்பாட்டுக்கு நாங்கள் கிழங்கைச் சாம்பலில் புதைத்துச் சுடுவோம். சட்டத்திலிருந்து உதிர்ந்த மீன் துண்டுகளைத் தொட்டுக்கொண்டு தின்போம். எல்லோரும் பார்த்துக்கொண்டிருந்த இந்த இரண்டையும் சேர்க்கலாம் என்று தோன்றியது இன்னஸுக்குத்தான். அவன் செய்யும் முறையைச் சரியாகச் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் ஆளாளுக்கு ஒன்று சொல்கிறார்கள். மாவுக்கிழங்காக இருக்க வேண்டும், மெழுகுக்கிழங்கு ஆகாது. கழுவி, துடைத்து, ஈரம் போனபின் தோலில் உப்பைத் தேய்க்க வேண்டும். நடுவில் ஓர் இரும்பாணியைக் குத்தி அடுப்புக் கம்பியின் மேல் வைக்க வேண்டும். ஆணி சூட்டைக் கிழங்கின் வயிற்றுக்குள் கொண்டுபோகும். தோலைத் தட்டினால் பலகையைத் தட்டியது போல் சத்தம் வரும்போது எடுத்து, ஆணியை உருவி, மேலே மூடிபோல் அறுத்து, உள்ளே இருப்பதைத் தோல் கிழியாமல் சுரண்ட வேண்டும். இதற்குள் புகைமீன் பாலில், வெங்காயத்தோடும் மிளகோடும் கொதி வராமல் வெந்திருக்கும். அதைக் கையால்தான் உதிர்க்க வேண்டும். முள்கரண்டி பட்டால் மீன் கூழாகும் என்பான். கிழங்கு, வெண்ணெய், மீன், துருவிய சீஸ், மீன் வெந்த பாலில் கொஞ்சம். கலந்து, தோலுக்குள் கோபுரமாக அடைத்து, மேலே இன்னும் சீஸ் போட்டு மறுபடியும் அடுப்பில். சீஸ் உருகி, ஓரம் கருகத் தொடங்கும்போது எடுத்தால் அது இன்னஸ் மேரின் கிழங்கு. கருகிவிட்டால் அது என் அத்தை மகளுடையது.

ஆணிகள் என் பொறுப்பு. உடைந்த சட்டங்களிலிருந்து பிடுங்கிய பழைய ஆணிகள் அவை. தினமும் துருவைச் சுரண்டி, கொதிக்கும் தண்ணீரில் போட்டு, துடைத்து, ஒரு மரப்பலகையில் அதற்கென்று போட்ட துளைகளில் குத்தி வைப்பேன். ஒரு துளை காலியாக இருந்தால் எனக்குத் தூக்கம் வராது.

இன்னஸ் குதிரை ஏற்றிச்செல்லும் பழைய வண்டி ஒன்றைப் பிடித்து, உள்ளே காஸ் அடுப்பு வைத்து, நீல வண்ணம் அடித்தான் (பச்சை துறைக்கு ஆகாது). துறைமுகக் கமிட்டி அவனைத் துறைமேடையின் கோடியில், படகுகள் கட்டும் இடத்துக்குப் பக்கத்திலேயே நிறுத்திக்கொள்ளச் சொல்லிவிட்டது. கடலுக்குப் புறப்படும் ஆட்கள் ஆளுக்கொரு கிழங்கை நின்றுகொண்டே தின்றுவிட்டுப் படகில் ஏறுவார்கள். கொஞ்ச நாளில் அது வழக்கமாகிவிட்டது. இன்னஸின் கிழங்கைத் தின்னாமல் போனால் வலை கிழியும் என்றுகூட யாரோ கிளப்பிவிட்டார்கள். அவனாகத்தான் இருக்கும் என்று நான் சந்தேகப்படுகிறேன்.

கடல் ஏற்றத்தின்போது மேடைக்கடியில் தண்ணீர் தளும்பும். அவனுக்குத் தலை சுற்றும். அடுப்பைப் பார்த்தபடி நிற்பான். காலுக்கருகில் வாளி இருக்கும். ஆனாலும் அந்த இடத்தைவிட்டு ஓர் அடி நகரமாட்டான். "அக்கா, நான் போகலன்னா என்ன, என் கெழங்கு போகுதுல்ல. அவங்க வயித்துல" என்பான்.

இனி அந்த மீன் விஷயம். துறையில் சில பெயர்களை வாயால் சொல்லக்கூடாது. நாலு காலில் உறுமிக்கொண்டு சேற்றில் புரளுமே, அதன் பெயரைச் சொல்லக்கூடாது. ஞாயிற்றுக்கிழமை பிரசங்கம் செய்கிறவரின் தொழிலைச் சொல்லக்கூடாது. 'கறுப்புக் கோட்டு' என்றுதான் சொல்வோம். அப்புறம், ஆற்றிலும் கடலிலும் மாறி மாறி வாழும் அந்தச் சிவப்பு மீன். சால்மன். (எழுதும்போது இடது கையால் அடுப்பைப் பிடித்துக்கொண்டேன்.) இவற்றில் ஒன்று காதில் விழுந்தால் உடனே குளிர்ந்த இரும்பைத் தொட வேண்டும். வீட்டுக்குள் கதவைச் சாத்திவிட்டுச் சிவப்பு மீனைத் தின்பதில் தப்பில்லை, நாங்களே தின்போம். பெயர் வாயில் வரக்கூடாது, மீன் படகில் ஏறக்கூடாது, அவ்வளவுதான்.

அந்தக் கோடையில் விடாமல் அடித்த காற்றில் படகுகள் எல்லாம் துறையிலேயே கிடந்தன. கொட்டகைச் சட்டங்களில் ஒரு ஹாடக்கூட இல்லை. ஒரு நாள் காலையில் காற்று நின்றது. எல்லாப் படகுகளும் ஒரே நேரத்தில் புறப்பட்டன. எல்லோருக்கும் கிழங்கு வேண்டும். இன்னஸிடம் கிழங்கு இருந்தது, சீஸ் இருந்தது, மீன் இல்லை. மேட்டில் இருக்கும் ஹோட்டலில் சமையல் வேலை பார்க்கும் அவன் சிநேகிதன் முதல் நாள் கொடுத்த புகை போட்ட சிவப்பு மீன் மட்டும் ஒரு பொட்டலம் இருந்தது.

அவன் யோசிக்காமல் செய்யவில்லை. பெயரைச் சொல்லப்போவதில்லை. ஆட்கள் துறைமேடையில் நின்று தின்றுவிட்டுத்தான் படகில் ஏறுவார்கள். வயிற்றுக்குள் போனபின் அது மீன் இல்லை, சாப்பாடு. ஒரு விதியும் உடையவில்லை. சீஸை வழக்கத்தைவிடத் தடிமனாகப் போட்டு மூடிவிட்டான். இப்படிக் கணக்குப் போட எங்கள் ஊர்க்காரனால்தான் முடியும்.

மழை வரும் என்று மட்டும் அவன் கணக்குப் போடவில்லை. மற்ற படகு ஆட்கள் நனைந்துகொண்டே தின்றார்கள். 'ஃபெய்த்ஃபுல்' படகின் தலைவர் சைமன் மேர், பட்டப்பெயர் 'பூட்டு', வாயைத் திறக்கும் வழக்கம் இல்லாதவர். வண்டிக்கு வந்தார். கையை நீட்டினார். தன் ஆட்களுக்கான கிழங்குகள் அத்தனையையும் ஒரு பெட்டியில் அள்ளிப்போட்டுக்கொண்டு படகில் ஏறிப் போய்விட்டார்.

இன்னஸ் கொட்டகைக்கு ஓடி வந்தான். முகம் வெளுத்திருந்தது. ஏற்றத்தினால் என்று நினைத்தேன்.

"அக்கா, அது படகுல ஏறிடுச்சு."

"எதுடா?"

"அதுக்கா. செவப்பா இருக்குமே."

இரண்டு பேரும் ஒரே நேரத்தில் மீன் சட்டத்து ஆணியைப் பிடித்தோம்.

"திருப்பிக் கூப்பிட வேண்டியதுதானே?"

"என்னன்னு கூப்பிடுறது? பேரச் சொல்லாம எப்படிக் கத்துவேன்?"

அதுவும் சரிதான். அவன் கையோடு கொண்டுவந்திருந்த ஆணிப் பலகையை வாங்கிப் பார்த்தேன். ஒரு துளை காலி.

"டேய், ஒரு ஆணி எங்கே?"

"அவசரத்துல உருவாம விட்டுட்டேனோ என்னவோ" என்றான். சொல்லிவிட்டு அங்கேயே கீழே உட்கார்ந்துகொண்டான்.

மறுநாள் படகுகள் திரும்பின. மற்றவர்களுக்குச் சுமாரான மீன். ஃபெய்த்ஃபுல் மட்டும் தளத்தில் அள்ள இடமில்லாமல், பாதி மூழ்கியது போல் ஹாடக்கோடு வந்தது. துறைமேடையில் நின்றவர்கள் தொப்பியைக் கழற்றிவிட்டார்கள். துறை வாயிலுக்கு வந்ததும், ஊரே பார்க்க, படகு மணல்திட்டில் ஏறி நின்றுவிட்டது. அடுத்த ஏற்றம் வரும்வரை அங்கேயே நின்றது, கழுத்துவரை தின்றுவிட்டு எழுந்திருக்க முடியாத மாமனார் போல.

இறங்கியதும் அந்தப் படகின் சமையல்காரன் எல்லோரிடமும் சொல்லிவிட்டான். கிழங்கைப் பிரித்ததும் உள்ளே சிவப்பாக இருந்ததாம். கரண்டியைத் தொட்டுக்கொண்டு தின்று முடித்தானாம்.

கமிட்டித் தலைவர் அலெக்சாண்டர் மேர். பட்டப்பெயர் 'காலர்', சவரம் செய்யும்போதுகூடக் கோயில் காலரைக் கழற்றாத குடும்பம். அவர் சாயங்காலமே வந்து இன்னஸின் வண்டிச் சக்கரத்தில் சங்கிலியைப் போட்டுப் பூட்டிவிட்டார். விசாரணை முடியும்வரை கிழங்கு கிடையாது. தப்பு நிரூபணமானால் வண்டி துறையைவிட்டுப் போய்விட வேண்டும். மேட்டில், பஸ் நிற்கும் இடத்துக்கு.

இன்னஸ் என்னிடம் சொன்னது ஒன்றே ஒன்றுதான்: "பஸ் ஸ்டாப்புல எவன்க்கா கடலுக்குப் போறான்?"

விசாரணையை வலைக் கிடங்கில் வைத்தார்கள். நான் தம்பியிடம், வெறுங்கையோடு போகாதே, உன் பக்கம் பேச நல்ல சாட்சி உன் கிழங்குதான் என்று சொன்னேன். ஃபெய்த்ஃபுல் கொண்டுவந்த ஹாடக்கை நானே புகை போட்டுக் கொடுத்தேன். வண்டி பூட்டிக் கிடந்ததால், கிடங்கில் இருந்த பழைய இரும்பு அடுப்பில் விறகு போட்டு அவன் முன்கூட்டியே கிழங்கை ஏற்றிவிட்டான்.

நடுநிலைக்கு ஒருவர் வேண்டும் என்று ஊருக்குப் புதிதாக வந்திருந்த கறுப்புக் கோட்டுக்காரரை அழைத்திருந்தார்கள். நகரத்துக்காரர், பெயர் டால்ரிம்பிள், நல்ல மனிதர். ஆனால் அவர் தொழில் செய்கிறவர் துறைக்குள் கால் வைத்தால் ஒரு வாரத்துக்கு மீன் வராது. ஆகவே கிடங்கு வாசலுக்கு வெளியே, தெருப் பக்கத்தில் ஒரு நாற்காலி போட்டு உட்கார வைத்தோம். மழை தூறியது. குடை கொடுத்தோம்.

பேச்சு அந்த மீனைப் பற்றியது என்பதால் யார் எப்போது தவறி என்ன சொல்வார்களோ என்று எல்லோருக்கும் பயம். அதனால் கமிட்டி ஆட்கள் எல்லோரும் கை எட்டும் தூரத்தில் இரும்பு இருக்கும்படி உட்கார்ந்தார்கள். கிடங்கில் வலை உண்டு, கயிறு உண்டு, மிதவை உண்டு. இரும்பு என்று இருந்தது அந்த அடுப்பு ஒன்றுதான். ஆகவே ஊர்ப் பெரிய மனிதர்கள் அத்தனை பேரும் எரிகிற அடுப்பைச் சுற்றி நெருக்கியடித்து, வேர்த்து வடிந்துகொண்டு உட்கார்ந்திருந்தார்கள்.

காலர் தொண்டையைச் செருமினார். "எதுக்குக் கூடியிருக்கோம்னு எல்லாருக்கும் தெரியும். ஃபெய்த்ஃபுல்ல ஒண்ணு ஏறியிருக்கு."

வெளியிலிருந்து குடை கேட்டது: "என்ன ஏறியிருக்கு?"

"ஒண்ணுங்க ஐயா."

"ஒண்ணுன்னா? ஆளா?"

"ஆளில்லைங்க. செவப்பா இருக்கும்."

"நண்டா?"

"நண்டு இல்லைங்க. ஆத்துல மேல ஏறும். குதிக்கும்."

"தவளையா?"

"தவளைய எவனாவது கெழங்குக்குள்ள வைப்பானாய்யா!" என்று பின்னாலிருந்து ஒருவர் கத்தினார். "மீனுங்க, மீனு!"

"அட, சால்மனா! அதை முதல்லயே சொல்லக்கூடாதா?" என்றார் டால்ரிம்பிள்.

அத்தனை கைகளும் அடுப்பில் விழுந்தன. அத்தனை கைகளும் அலறிக்கொண்டு வெளியே வந்தன. ஒருவர் விரலை வாயில் வைத்துக்கொண்டார், ஒருவர் மழையில் நீட்டினார், ஒருவர் பக்கத்தில் இருந்தவரின் ஸ்வெட்டரைப் பிடித்துக்கொண்டார்.

"என்ன ஆச்சு உங்களுக்கு? ஒரு மீன் பேருக்கா இப்படி? நான் என்ன பன்றின்னா சொல்லிட்டேன்?" என்றார் டால்ரிம்பிள்.

மறுபடியும் எல்லோரும் அடுப்பைத் தொட வேண்டியதாயிற்று. இந்தத் தடவை அடுப்பின் புகைக்குழாய் பெயர்ந்து காலரின் காலர்மேல் விழுந்தது.

கரி துடைத்து, விரல்களுக்கு வெண்ணெய் தடவி (இன்னஸ் கொடுத்தான், கிழங்குக்கு வைத்திருந்தது), விசாரணை மீண்டும் தொடங்க நேரமாகிவிட்டது. தொடங்கியதும் வேறொரு வழக்கு முளைத்தது.

"சூடான இரும்பு கணக்குல சேருமா?" என்று ஒருவர் கேட்டார்.

"பெரியவங்க சொன்னது குளுந்த இரும்பு."

"தொடுறதுக்கு முன்னாடி குளுந்து இருந்தாப் போதும்."

"முன்னாடியும் கொதிச்சுட்டுத்தான்யா இருந்துச்சு! பாரு என் வெரல!"

"அப்ப நாம எல்லாரும் தொடாத கணக்குதான்."

"காதுல விழுந்த ரெண்டு வார்த்தைக்குமா?"

எல்லோரும் இன்னஸைப் பார்த்தார்கள். அடுப்பை மூட்டியவன் அவன்தானே.

காலர் கரி படிந்த முகத்தோடு எழுந்தார். "இதுக்கு மேல என்ன பேச? வாளி நல்ல பையன். அவன் கையில ருசி இருக்கு, யாரும் இல்லேங்கல. ஆனா அவன் கெழங்கு ஏறின படகு மண்ணுல மோதிச்சு. அவன் மூட்டின அடுப்புல கமிட்டியே வெந்துபோச்சு. வண்டி பஸ் ஸ்டாப்புக்குப் போகட்டும்."

இன்னஸ் குனிந்து அடுப்புக் கதவைத் திறந்து, கிழங்கைத் தட்டிப் பார்த்தான். பலகைச் சத்தம் வந்தது. யார் தின்னப்போகிறார்கள் என்று தெரியாத கிழங்கைக்கூட அவன் பதம் தவறவிடமாட்டான். அதைப் பார்த்ததும் என்னால் சும்மா இருக்க முடியவில்லை.

என் மனதில் அந்தக் காலித் துளை இருந்தது. அத்தோடு இன்னொன்றும் இருந்தது. பூட்டின் மனைவி பெல்லா கொட்டகையில் என் பக்கத்தில் நின்று மீன் பிளப்பவள். திரும்பி வந்ததிலிருந்து வீட்டுக்காரர் கஞ்சியைத் தவிர எதையும் தின்னவில்லை, ஓட்ஸ் கஞ்சியைக்கூட ஒரு பக்கமாகச் சாய்ந்து குடிக்கிறார் என்று அன்று காலையில்தான் சொல்லியிருந்தாள். ஆணியை விழுங்கவைத்தான் என்று புதுக் குற்றம் வந்தாலும் வரலாம். வரட்டும், இதைவிட என்ன?

"பூட்டண்ணே, ஒரு தடவை வாயைத் திறந்து காட்டுங்க" என்றேன்.

கிடங்கில் சிரிப்பு. "மினா, அந்தப் பூட்டுக்குச் சாவியே கெடையாது. பெல்லாகிட்ட சம்மதம் சொன்னப்பக்கூட தலையத்தான் ஆட்டினான்" என்றார் காலர்.

பூட்டு என்னைப் பார்த்தார், தம்பியைப் பார்த்தார். பிறகு வாயைத் திறந்தார். முன்பல் ஒன்று பாதிதான் இருந்தது.

கோட்டுப் பையில் கையை விட்டு, ஓர் ஆணியை எடுத்து எல்லோரும் பார்க்கத் தூக்கிக் காட்டினார். என் ஆணி. எங்கே கண்டாலும் எனக்குத் தெரியும், தலை ஒரு பக்கம் தேய்ந்திருக்கும்.

"ஆணி" என்றார் பூட்டு.

அவர் குரலைப் பலர் அன்றுதான் கேட்டார்கள்.

"கெழங்க கடிச்சேன். பல்லு போச்சு. துப்பலாம்னு பாத்தேன். அந்த நேரம் வலை கனத்துச்சு. அதனால துப்பல. வாயிலயே வச்சிருந்தேன். வலை இழுக்க இழுக்க மீனு. ராத்திரி முழுக்க வாயில ஆணி, தளத்துல மீனு."

"அப்புறம் எப்படிய்யா மண்ணுல மோதின?"

"துறை வாயில்கிட்ட வந்தோம். 'இடப்பக்கம் திருப்பு'ன்னு கத்தணும். வாயில ஆணிய வச்சுட்டு எப்படிக் கத்துறது? எடுத்துப் பையில போட்டேன். வாயத் தொறந்தேன். மோதிருச்சு."

இதைவிடத் தெளிவான சாட்சியம் அந்தக் கிடங்கில் யாரும் கேட்டதில்லை. இரும்பு வாயில் இருந்தவரை வலை நிறைந்தது. வாயைவிட்டு வெளியே வந்த கணம் படகு மண்ணில் ஏறியது. சிவப்பு மீன் படகில் ஏறியது உண்மைதான். ஆனால் இரும்பு குத்தப்பட்டு ஏறியது. கையில் விலங்கு மாட்டிக் கொண்டுபோகும் கைதியைப் போல.

வெளியிலிருந்து டால்ரிம்பிள், "படகுல பாரம் அதிகம், துறை வாயில்ல தண்ணி கம்மி, அதனாலதானே..." என்று தொடங்கினார்.

"ஐயா, உங்களுக்குக் கடல் தெரியாது. நீங்க குடையப் புடிங்க" என்றார் காலர் மரியாதையாக.

பிறகு அவர் ஆணியை வாங்கி வெளிச்சத்தில் திருப்பினார். "இது இரும்புதானா? இப்ப வர்றதெல்லாம் என்னென்னவோ பூச்சு. துரு பிடிக்காததெல்லாம் இரும்பு இல்ல."

"இரும்புதான்" என்றேன். "கொட்டகைச் சட்டத்து ஆணி. ஒரு நாள் சுரண்டாம விட்டா மறுநாள் செவந்து நிக்கும். தினம் சுரண்டுறவ நான்."

காலர் ஆணியை நாக்கால் தொட்டுப் பார்த்தார். பக்கத்தில் இருந்தவரிடம் கொடுத்தார். அவரும் தொட்டுப் பார்த்தார். அப்படியே சுற்றி வந்தது. எல்லோரும் தலையை ஆட்டினார்கள். இரும்பு. அதுவும், நல்லவேளை, குளிர்ந்த இரும்பு. சூடான அடுப்பில் தீராத இரண்டு பெயர்களுக்கும் சேர்த்து அங்கேயே கணக்குத் தீர்ந்தது.

"சரி. வண்டி துறையிலயே நிக்கட்டும். ஆனா ஒரு நிபந்தனை. இனிமே ஒவ்வொரு கெழங்கும் ஆணியோடதான் கைக்கு வரணும்" என்றார் காலர்.

நான் பெருமூச்சு விட்டேன். அப்போதுதான் என் தம்பி வாயைத் திறந்தான். "அது நடக்காது."

"என்னடா?"

"வெந்ததும் ஆணிய உருவிடணும். உள்ளேயே இருந்தா நடுவுல கறுத்துப்போகும். துரு வாசம் மீன்ல எறங்கும். அப்படிக் கொடுக்கறதுக்கு நான் பஸ் ஸ்டாப்புக்கே போறேன்."

பூட்ஸ் காலால் அவன் காலை மிதித்தேன். அவன் அசையவில்லை. கடலில் ஒரு கணம்கூட நிற்கத் தெரியாதவன், சமையலில் பாறை மாதிரி நின்றான். எனக்குக் கோபமும் வந்தது, பெருமையாகவும் இருந்தது. பெருமைதான் கொஞ்சம் கூடுதல்.

வழியைச் சொன்னது பூட்டு. ஒரே நாளில் இரண்டாவது தடவை. "உருவு. அடை. சீஸ் போடு. அடுப்புலேருந்து எடுத்தப்பறம் மேல குத்து. குளுந்த ஆணி."

இன்னஸ் யோசித்தான். "மேல, நடுவுல, நேரா. அழகா இருக்கும்" என்றான். "கண்ணுக்குத் தெரியும். பல்லும் போகாது."

அப்படியே முடிவானது. அடைத்து மறுபடி ஏற்றிய கிழங்குகள் அடுப்பிலிருந்து வந்தன. உருவிய ஆணிகளைத் தண்ணீரில் குளிரவைத்து நான் ஒவ்வொன்றாக எடுத்துக் கொடுக்க, அவன் உருகிய சீஸின் உச்சியில் குத்தினான். கொடிக்கம்பம் நட்ட மலை மாதிரி இருந்தது. கமிட்டி வெந்த விரல்களோடு ஊதி ஊதித் தின்றது. டால்ரிம்பிளுக்கும் ஒன்றைத் தெருப்பக்கமாக நீட்டினோம். "ஏம்மா, இதுல ஆணி இருக்கே" என்றார். "ஆமாங்க ஐயா, பாத்துச் சாப்பிடுங்க" என்றேன்.

இதெல்லாம் நடந்து வெகுகாலம் ஆகிவிட்டது. வண்டி அதே இடத்தில் நிற்கிறது. இப்போது ஆட்கள் நின்று தின்பதில்லை, படகிலேயே கொண்டுபோகிறார்கள். ஆணி குத்திய கிழங்கு படகில் ஏறாவிட்டால்தான் முணுமுணுப்பு. ஆணிகள் திரும்பி வரும். நான் சுரண்டி, கொதிக்கவைத்து, பலகையில் குத்துகிறேன். வெளியூர்க்காரர்கள் சிலர் ஆணியைப் பார்த்துப் புகார் சொல்வார்கள். இன்னஸ் அதைக் காதில் வாங்குவதில்லை. ஆணி வேண்டாதவர்கள் பஸ் ஸ்டாப்பில் சாண்ட்விச் வாங்கிக்கொள்ளலாம்.

வலை கனக்காத மாதங்களில் வயதான படகுத் தலைவர்கள் வண்டிக்கு வந்து, இரண்டு பக்கமும் பார்த்துவிட்டு, "தம்பி, அன்னிக்கு மாதிரி ஒண்ணு கெடைக்குமா?" என்பார்கள். இன்னஸ் பதில் சொல்லமாட்டான். பலகையின் மூலையில் வளைந்த ஆணி ஒன்று இருக்கிறது. அது குத்தி வரும் கிழங்கில் என்ன இருக்கிறது என்று அவர்களும் கேட்பதில்லை, அவனும் சொல்வதில்லை.

அவனுக்குக் கல்யாணமாகிப் பையன் பிறந்தபோது, பெயர் எழுத டால்ரிம்பிள் பேனாவை எடுத்து, "வாளி வீட்டுப் பிள்ளைதானே?" என்றார். கோயிலில் இருந்த படகுக்காரர்கள் எல்லோரும் ஒரே குரலில், "ஆணி!" என்றார்கள். அந்தக் குரல்களில் பூட்டின் குரலும் இருந்ததாகப் பெல்லா சொல்கிறாள். டால்ரிம்பிள் எழுதினார்: 'சின்ன ஆணி'. இன்னஸ் தலையைக் குனிந்துகொண்டான். அப்பா இருந்திருந்தால் என்ன சொல்லியிருப்பாரோ தெரியாது. நங்கூரமும் இரும்புதான், ஆணியும் இரும்புதான் என்று நான் நினைத்துக்கொண்டேன்.

நேற்றுக் காலையில் படகுகள் புறப்படும்போது நான் ஆணிப் பலகையோடு வண்டிக்குப் போனேன். ஃபெய்த்ஃபுல் மணல்திட்டைத் தாண்டிக்கொண்டிருந்தது. அதன் தளத்தில் ஆட்கள் கிழங்கைப் பிரிப்பது தெரிந்தது. தம்பி கதவைப் பிடித்துக்கொண்டு, அடுப்பைப் பார்க்காமல், முதல் தடவையாகக் கடலைப் பார்த்துக்கொண்டு நின்றான்.

"போகுதுக்கா" என்றான்.

"போகுதுடா" என்றேன்.

அந்த நேரம் ஏற்றம் மேடைக்கடியில் லேசாகத் தளும்பியது. நான் வாளியை அவன் பக்கம் நகர்த்தி வைத்தேன்.